மன்னனிடம் மன்னனின் சட்டத்தைக் கேட்டவர்கள்

கலகக்காரன் என்றதும் எதையும் மதிக்காத, எதற்கும் கட்டுப்படாத ஒருவன்தான் நம் மனதில் வருகிறான். ஆனால் இலக்கியத்தில் நூற்றாண்டுகளாக நிலைத்து நிற்கும் கலகக்காரர்களை எடுத்துப் பாருங்கள். அவர்களில் பெரும்பாலோர் சட்டத்தை அளவுக்கு மீறி நம்பியவர்கள். ஆள்பவன் ஒப்புக்குச் சொல்லிவைத்த வாக்கை நிஜமென்று எடுத்துக்கொண்டு, "சொன்னாயே, செய்" என்று வாசலில் வந்து நின்றவர்கள். சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது. எதையும் நம்பாதவனை அரசு சுலபமாகச் சமாளித்துவிடும். தன் சொல்லைத் தன்னைவிட அதிகமாக நம்புகிறவனை என்ன செய்வது என்று அதற்குத் தெரிவதில்லை.

சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதை இதற்கு எனக்குத் தெரிந்த மிகச் சிறந்த எடுத்துக்காட்டு. ஒற்றைச் சிலம்போடு அவைக்குள் வரும் கண்ணகி முதலில் உச்சரிப்பது "தேரா மன்னா" என்பது. ஆராயாத அரசனே. கொடியவனே என்றோ கொலைகாரனே என்றோ அவள் தொடங்கவில்லை. விசாரிக்கவில்லை என்பதுதான் குற்றச்சாட்டு. அடுத்து, புறாவுக்காகத் தன்னையே தந்த மன்னனையும், பசுவின் கண்ணீருக்காகத் தன் மகனைத் தேர்க்காலில் இட்டவனையும் சொல்லி, அவர்கள் ஆண்ட புகார் என் ஊர் என்கிறாள். அரசன் என்றால் எப்படி இருக்க வேண்டும் என்று அரசனுக்கே அளவுகோலை எடுத்துக் காட்டிவிட்டுத்தான் வழக்கைத் தொடங்குகிறாள்.

பாண்டியனின் பதிலும் சட்டப்படி சரியானதே. கள்வனைக் கொல்வது கொடுங்கோல் ஆகாது என்கிறான். இதைக் கண்ணகி மறுக்கவில்லை என்பதைப் பலரும் கவனிப்பதில்லை. திருடியவனைக் கொல்லலாமா என்ற கேள்வியே அவளிடம் எழவில்லை. என் கணவன் திருடவில்லை என்பதுதான் வாதம். என் சிலம்பின் பரல் மாணிக்கம் என்கிறாள். எம்முடையதில் முத்து என்கிறான் அரசன். ஆக, உடைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும் என்பதில் இருவருக்கும் உடன்பாடு! உடைத்ததும் மாணிக்கம் தெறிக்கிறது. "யானோ அரசன், யானே கள்வன்" என்று அவன் விழுந்து இறக்கிறான். அவன் தன் சட்டத்தை மதித்தவனாக இருந்ததால்தான் அந்தச் சொல் அவனைக் கொன்றது. வெட்கமில்லாத அரசன் ஒருவன் அந்த அரியணையில் இருந்திருந்தால், சிலம்பை உடைத்தபின் காவலர்களைக் கூப்பிட்டிருப்பான். கதையும் அங்கேயே முடிந்திருக்கும்.

அப்புறம் வருகிறது தீ. ஊரையே எரிக்கிற அந்தக் கோபத்துக்குள்ளும் ஒரு பட்டியல் இருக்கிறது: பார்ப்பார், அறவோர், பசு, பத்தினிப் பெண்டிர், மூத்தோர், குழந்தைகள் ஆகியோரை விட்டுவிட்டுத் தீயவர் பக்கம் மட்டும் சேர் என்று நெருப்புக்குக் கட்டளையிடுகிறாள். கலகத்துக்கும் எல்லை உண்டு என்ற எண்ணத்தை இவ்வளவு பழைய இடத்தில் காண்பது வியப்புதான். ஆனால் பட்டியலின் வரிசையைப் பாருங்கள். அன்றைய சமூகம் யாரை முதலில் காக்கச் சொல்லியிருக்குமோ அதே வரிசை. ஆட்சியை எரிப்பவளின் வாயிலும் அந்த ஆட்சியின் ஒழுங்குமுறைதான் இருக்கிறது.

காப்பியம் அவளை அப்படியே விட்டுவிடவும் இல்லை. மதுராபதித் தெய்வம் வந்து, முற்பிறவியில் கோவலன் செய்த கொலையின் வினைப்பயன் இது என்று விளக்கம் சொல்கிறது. அநீதிக்கு இப்போது கணக்கு கிடைத்துவிடுகிறது. கோபத்துக்கு இடமில்லாமல் போகிறது. பிறகு வஞ்சிக் காண்டத்தில் செங்குட்டுவன் வடக்கே படையெடுத்து, இமயத்தில் கல் எடுத்து, கனகன், விசயன் என்ற அரசர்கள் தலையில் சுமக்கவைத்துக் கொண்டுவந்து அவளுக்குக் கோயில் எடுக்கிறான். ஒரு மன்னனின் அநீதியைக் கேள்வி கேட்டவள் இன்னொரு மன்னனின் வெற்றிச் சின்னம் ஆகிறாள். கலகக்காரர்களை அரசு நடத்தும் விதங்களில் தண்டிப்பது ஒன்று என்றால், சிலை வைப்பது இன்னொன்று.

கிரேக்கத்தில் ஆன்டிகனியின் நிலை வேறு. சோஃபக்ளீஸின் நாடகத்தில் அவள் அண்ணனைப் புதைக்கக் கூடாது என்று அரசன் கிரியோன் ஆணையிடுகிறான். இந்த ஆணை உன் சட்டப்படியே தப்பு என்று அவளால் வாதாட முடியாது, ஆணையிடுபவனே சட்டம். அதனால் அவள் மேலே போகிறாள். எழுதப்படாத, என்றுமுள்ள தெய்வ நியதிகளை ஒரு மனிதனின் ஆணை மீற முடியாது என்கிறாள். "நாமார்க்கும் குடியல்லோம்" என்று அப்பர் பாடியதும் இந்தத் தர்க்கமே. யாருக்கும் குடியில்லை என்று சொல்பவர் யாருக்குமே அடங்காதவர் அல்லர். அரசனைவிடப் பெரியவனான இறைவனுக்கு ஆட்பட்டுவிட்டதால் இந்த அரசனுக்கு ஆள் இல்லை என்கிறார்.

சரி, அந்தப் பெரியவனே அநீதி செய்தால்? எபிரேய மறைநூலில் யோபுவுக்கு நேர்வது இதுதான். குற்றமில்லாத மனிதன், செல்வம், பிள்ளைகள், உடல்நலம் எல்லாம் போகின்றன. நீ ஏதோ பாவம் செய்திருக்கத்தான் வேண்டும் என்று நண்பர்கள் சாதிக்கிறார்கள். யோபு கடவுளை மறுக்கவில்லை. என் மீதான குற்றச்சாட்டை எழுத்தில் தரட்டும், பதில் சொல்கிறேன் என்று கிட்டத்தட்ட வழக்கறிஞர் மொழியில் கேட்கிறார். சூறாவளியிலிருந்து கடவுள் பேசுகிறார். ஆனால் கேட்ட கேள்விக்கு அது பதிலில்லை. நான் பூமிக்கு அஸ்திவாரம் போட்டபோது நீ எங்கே இருந்தாய் என்று திருப்பிக் கேட்கிறார். யோபு அடங்கிவிடுகிறார். அடங்கியபின் நடப்பதுதான் எனக்கு முக்கியம்: கடவுளுக்காக வக்காலத்து வாங்கிய நண்பர்களைப் பார்த்து, என்னைப் பற்றி யோபு பேசியதுபோல் நீங்கள் சரியாகப் பேசவில்லை என்று கடவுளே கோபிக்கிறார். பக்தி நூலொன்று முறையிட்டவன் பக்கம் தீர்ப்புச் சொல்கிறது.

மனிதருக்காகத் தெய்வங்களிடமிருந்து நெருப்பைத் திருடித் தந்த புரோமிதியஸின் கதையை மனித முன்னேற்றத்தின் கதையாகவே நாம் கேட்டு வளர்ந்திருக்கிறோம். ஈஸ்கிலஸின் பெயரில் வழங்கும் நாடகத்தில் அதைவிடச் சுவாரஸ்யமான ஒன்று இருக்கிறது. தேவர்களின் அரசன் ஸ்யூஸ் ஆட்சிக்கு வந்தே கொஞ்ச காலம்தான் ஆகிறது. தன் தந்தையைக் கவிழ்த்து வந்தவன். அந்தக் கவிழ்ப்புக்குத் துணை நின்றவன் புரோமிதியஸ். அவனைப் பாறையில் அறையும் வேலையைச் செய்யும் கொல்லத் தெய்வம் ஹெஃபெஸ்டஸ் மனமில்லாமல் செய்துகொண்டே, புதிதாக அதிகாரத்துக்கு வந்தவர் எல்லோருமே கடுமையானவர்கள் என்கிறான். நேற்றைய கலகக்காரன் இன்றைய கலகக்காரனைச் சங்கிலியில் கட்டுகிறான். புரட்சிகளின் வரலாறு எழுதப்படுவதற்கு வெகு காலத்துக்கு முன்பே மேடையில் சொல்லப்பட்ட விஷயம் இது.

ஆங்கிலக் கவிஞர் மில்டன் இதை உடம்பில் அனுபவித்தவர். 1649-ல் இங்கிலாந்தில் மன்னர் முதலாம் சார்லஸின் தலை வெட்டப்பட்டபோது அதை நியாயப்படுத்தி எழுதியவர்; 1660-ல் முடியாட்சி திரும்பியதும் சிறைக்குப் போனவர்; கண் பார்வையும் போயிருந்தது. அந்த மனிதர் 1667-ல் வெளியிட்ட காவியத்தில் கடவுளை எதிர்க்கும் சாத்தானுக்குத்தான் கம்பீரமான வரிகள் எல்லாம் கிடைத்தன. மில்டன் தனக்கே தெரியாமல் சாத்தானின் கட்சியில் இருந்தார் என்று கவிஞர் பிளேக் பின்னால் எழுதினார். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் பாதிதான் உண்மை. சாத்தானின் மனக்குறை என்ன? தனக்குரிய இடம் தனக்குத் தரப்படவில்லை என்பது. பரலோகத்தில் சேவகம் செய்வதைவிட நரகத்தில் ஆள்வது மேல் என்கிறான். அவன் கேட்பது அரியணை. கண்ணகியும் யோபுவும் கேட்டது பதில்.

இவர்களையெல்லாம்விட என்னை அதிகம் தொந்தரவு செய்பவன் குதிரை வியாபாரி ஒருவன். ஜெர்மன் எழுத்தாளர் கிளைஸ்ட் 1810-ல் வெளியிட்ட குறுநாவலின் நாயகன் மிக்கேல் கோல்ஹாஸ். 1540-ல் பெர்லினில் கொல்லப்பட்ட ஹான்ஸ் கோல்ஹாஸே என்ற நிஜ மனிதரின் கதையை வைத்து எழுதப்பட்டது. தன் காலத்தின் மிக நேர்மையானவனும் மிகப் பயங்கரமானவனுமாக அவனை முதல் வாக்கியமே அறிமுகம் செய்கிறது.

எல்லை தாண்டிக் குதிரைகளை ஓட்டிக்கொண்டு போகிறவனை ஒரு பிரபுவின் ஆட்கள் நிறுத்தி, அனுமதிச் சீட்டு கேட்கிறார்கள். அவன் இரண்டு கறுப்புக் குதிரைகளையும் ஒரு வேலைக்காரனையும் பிணையாக விட்டுப்போகிறான். நகரத்தில் விசாரித்தால் அப்படியொரு சீட்டே கிடையாது. திரும்பி வந்து பார்க்கிறான். வயல் வேலைக்கு ஓட்டி ஓட்டிக் குதிரைகள் எலும்பும் தோலுமாக நிற்கின்றன. வேலைக்காரன் அடித்துத் துரத்தப்பட்டிருக்கிறான்.

இந்த இடத்தில் சாதாரணக் கதையென்றால் வாளை உருவுவான். கோல்ஹாஸ் வீட்டுக்குப் போய் வேலைக்காரனைக் குறுக்கு விசாரணை செய்கிறான். நீ ஏதாவது தப்புச் செய்தாயா, குதிரையை நீ சரியாகப் பார்த்துக்கொண்டாயா என்று ஒவ்வொன்றாகக் கேட்கிறான். தன் பக்கத்தில் குற்றமில்லை என்று உறுதியான பிறகே வழக்குப் போடுகிறான். பிரபுவின் உறவினர்கள் அரசவையில் இருக்கிறார்கள், வழக்கு தள்ளுபடியாகிறது. மனு மேல் மனு. கடைசியில் மனைவி மனுவை எடுத்துக்கொண்டு போகிறாள். காவலன் ஈட்டிக் கம்பால் மார்பில் தாக்க, அந்தக் காயத்தில் இறந்துபோகிறாள். அவளை அடக்கம் செய்த பிறகு கோல்ஹாஸ் உட்கார்ந்து தானே ஒரு தீர்ப்பு எழுதுகிறான்: மூன்று நாளுக்குள் பிரபு என் லாயத்துக்கு வந்து, தன் கையால் தீனி போட்டு அந்தக் குதிரைகளைக் கொழுக்கவைக்க வேண்டும். வரவில்லை. கோட்டை எரிகிறது. பிறகு விட்டன்பர்க் நகரத்துக்குத் தீ வைக்கிறான், ஒரு தடவையோடு நிறுத்தாமல்.

கிறிஸ்தவ மதச் சீர்திருத்தவாதி மார்ட்டின் லூதர் அவனைக் கண்டித்து அறிக்கை விடுகிறார். கோல்ஹாஸ் நேரே அவரிடம் போய்ப் பேசுகிறான். சட்டத்தின் பாதுகாப்பு எனக்கு மறுக்கப்பட்டால் நான் சமூகத்திலிருந்து காட்டுக்குத் துரத்தப்பட்டவன். என் கையில் தடியைக் கொடுத்தவர்களே அவர்கள்தான் என்பது அவன் வாதம். லூதரால் இதற்கு முழுசாகப் பதில் சொல்ல முடியவில்லை.

முடிவில் கிளைஸ்ட் செய்வதுதான் பிரமாதம். அதே குதிரைகள் கொழுகொழுவென்று கொண்டுவரப்படுகின்றன. பிரபுவுக்கு இரண்டு வருடம் சிறை. கேட்டதெல்லாம் கிடைத்துவிட்டது. அதே இடத்தில், பொது அமைதியைக் குலைத்ததற்காக அவன் தலை வெட்டப்படுகிறது. அவன் அதை எதிர்க்கவில்லை. இரண்டு தீர்ப்புகளுமே அவனுக்குச் சரியாகப் படுகின்றன. எரிந்துபோன வீடுகளில் இருந்தவர்களுக்கும் குதிரைகளுக்கும் என்ன சம்பந்தம் என்ற கேள்வியை மட்டும் யாரும் எழுப்புவதில்லை. வாசகன்தான் அதைச் சுமந்துகொண்டு போகவேண்டும்.

அரசியல் சிந்தனையாளர்கள் இதே கேள்வியைக் கதாபாத்திரங்கள் இல்லாமல் பேசிப் பார்த்தார்கள். சீனத்தின் மென்சியஸிடம் ஓர் அரசன் கேட்கிறான்: குடிமகன் அரசனைக் கொல்லலாமா? முற்காலத்தில் வீழ்த்தப்பட்ட கொடுங்கோல் அரசன் ஜோவை மனதில் வைத்துக்கொண்டு அவர் தரும் விடை, ஜோ என்ற ஒரு சாதாரண ஆளைக் கொன்றதாகத்தான் கேள்விப்பட்டேன், அரசனைக் கொன்றதாகக் கேள்விப்படவில்லை என்பது. அறத்தை விட்டவன் அந்தக் கணமே அரசன் இல்லை. வள்ளுவர் அவ்வளவு தூரம் போகவில்லை. செங்கோலோடு நின்று பொருள் கேட்கும் அரசனை, வேலோடு நின்று "கொடு" என்று மிரட்டும் வழிப்பறிக்காரனோடு வைத்துப் பேசுகிறார். குடிகளின் கண்ணீர் அவன் செல்வத்தைத் தேய்க்கும் படை என்கிறார். ஆனால் குடிகளுக்கு எதிர்க்கும் உரிமை உண்டென்று அவர் எங்கும் சொல்லவில்லை. கொடுங்கோன்மை என்ற அந்த அதிகாரத்தில் பேச்சு முழுக்க அரசனை நோக்கியே.

ஐரோப்பாவில் ஹாப்ஸ் 1651-ல் கதவைச் சாத்தப் பார்த்தார். அதிகாரத்தை நீங்களே கொடுத்துவிட்டீர்கள், இனி அவன் செய்வதெல்லாம் நீங்கள் செய்ததே, எங்கே அநீதி என்றார். ஆனால் உன்னைக் கொல்ல வந்தால் மட்டும் நீ எதிர்க்கலாம் என்று ஒரு சந்து விட்டுவைத்தார். ஜான் லாக் 1689-ல் மேசையையே திருப்பிப்போட்டார். மக்கள் ஒப்படைத்த நம்பிக்கையை மீறி, சட்டத்துக்கு மாறாக வன்முறையில் இறங்கும் ஆட்சியாளனே உண்மையான கலகக்காரன்; எதிர்ப்பவர்கள் சட்டத்தைக் காக்கிறவர்கள். கண்ணகி அவையில் செய்ததை லாக் கோட்பாடாக எழுதினார் என்று சொன்னால் கொஞ்சம் மிகைதான், இருந்தாலும் சொல்லத் தோன்றுகிறது.

இந்தக் கோட்பாடுகளை எழுதியவர்கள் எதிர்பார்க்காத ஆட்கள் கையிலெடுத்தபோதுதான் அவற்றின் பலம் தெரிந்தது. 1791-ல் பிரான்சின் காலனியாக இருந்த ஹெய்ட்டியில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தார்கள். பிரெஞ்சுப் புரட்சி அடிமை முறையை 1794-ல் ஒழித்தது. நெப்போலியன் 1802-ல் அதைத் திரும்பக் கொண்டுவர நினைத்துப் படை அனுப்பினார். அந்த ஆண்டு நடந்த ஒரு கோட்டை முற்றுகையில், உள்ளே இருந்த கறுப்பின வீரர்கள் பிரெஞ்சுப் புரட்சியின் பாடல்களைப் பாடுவது வெளியே நின்ற பிரெஞ்சுப் படையினர் காதில் விழுந்தது. நியாயம் அவர்கள் பக்கம் இருக்கிறதோ என்று தம் வீரர்கள் குழம்பியதை அங்கிருந்த படைத்தளபதி ஒருவரே நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார்.

அமெரிக்காவில், அடிமையாகப் பிறந்து தப்பி வந்த பிரெடெரிக் டக்ளஸ் 1852 ஜூலை 5 அன்று ரோசெஸ்டரில் ஆற்றிய உரையில், இந்தச் சுதந்திர நாள் உங்களுடையது, என்னுடையது அல்ல என்றார். ஆனாலும் அரசியல் சாசனத்தை அவர் விட்டுக்கொடுக்கவில்லை. அது விடுதலைக்கான ஆவணம், அதன்படி நடக்காதவர்கள் நீங்கள்தான் என்று வாதாடினார். அவருடைய பழைய தோழர் கேரிசனோ இரண்டு ஆண்டுகள் கழித்து ஜூலை 4 அன்று அதே சாசனத்தின் பிரதியைக் கூட்டத்தின் முன் கொளுத்தினார். இருவரும் ஒரே அநீதிக்கு எதிராக நின்றவர்கள். எரிப்பதா, எடுத்துக் காட்டி வாதாடுவதா என்ற இந்தப் பிரிவு எல்லா இயக்கங்களிலும் திரும்பத் திரும்ப வருகிறது.

இதுவரை பார்த்த எல்லோருக்கும் முறையிட ஓர் ஆள் இருந்தான்: அரசன், கடவுள், நீதிமன்றம், தேசம். தாஸ்தயேவ்ஸ்கி 1880-ல் முடித்த நாவலில் இவான் கரமாசோவ் அந்த வரிசையை முடித்துவைக்கிறான். வேட்டை நாயின் காலில் கல் பட்டுவிட்டது என்பதற்காக ஒரு தளபதி எட்டு வயதுச் சிறுவனை நாய்களை ஏவிக் கிழித்துப்போட்ட கதையைச் சொல்லிவிட்டு, இறுதியில் எல்லாம் சரியாகிவிடும் என்ற தெய்வீக ஒழுங்கு இந்தக் குழந்தையின் கண்ணீரை விலையாகக் கேட்டால் எனக்கு அந்த ஒழுங்கு வேண்டாம், நுழைவுச் சீட்டை மரியாதையாகத் திருப்பித் தருகிறேன் என்கிறான். பதிலே வேண்டாம் என்கிறான். எந்தப் பதில் வந்தாலும் போதாது என்கிறான். யோபுவிடமிருந்து இது வெகு தூரம்.

பிரெஞ்சு எழுத்தாளர் ஆல்பெர் காம்யு 1951-ல் கலகத்தைப் பற்றித் தனி நூலே எழுதியபோது இவானுக்கு முக்கிய இடம் கொடுத்தார். காம்யுவின் அடிமை ஒருநாள் "இதற்கு மேல் முடியாது" என்கிறான். அந்த மறுப்புக்குள் ஓர் ஆமோதிப்பும் இருக்கிறது, தனக்குள் மட்டுமல்ல, எல்லா மனிதருக்குள்ளும் மீறக்கூடாத ஏதோ ஒன்று உண்டு என்பது. ஆகவே அதே கலகத்தின் பெயரால் இன்னொருவனை மீறினால் கலகம் தன்னையே மறுத்துவிடுகிறது என்றார். 1905-ல் ரஷ்யாவில் கலியாயெவ் என்ற இளைஞர், கோமகன் செர்கேயின் வண்டியில் குழந்தைகள் இருப்பதைப் பார்த்துக் குண்டை வீசாமல் திரும்பியதும், இரண்டு நாள் கழித்து கோமகன் தனியாக வந்தபோது வீசியதும் காம்யுவை விடாமல் பிடித்துக்கொண்ட சம்பவம். காம்யுவின் நண்பரான தத்துவவாதி சார்த்தரின் தரப்புக்கு இந்தத் தயக்கம் பிடிக்கவில்லை. வரலாற்றிலிருந்து ஒதுங்கி நின்று தர்மம் பேசுகிறார் என்று 1952-ல் சார்த்தரின் பத்திரிகையில் காம்யுவைப் பற்றி விமர்சனம் வந்தது. நட்பும் அதோடு முடிந்தது. என் கணிப்பில், வாதத்தில் சார்த்தர் வென்றார். அடுத்து வந்த ஐம்பது ஆண்டுகள் காம்யு பக்கம் சாய்ந்தன.

பேசாத கலகம் ஒன்றும் உண்டு. மெல்வில் 1853-ல் எழுதிய பார்ட்டில்பி ஒரு வக்கீல் அலுவலகத்தில் நகல் எழுதுபவன். வேலை சொன்னால், செய்யாமலிருக்கவே விரும்புகிறேன் என்கிறான், அவ்வளவுதான். காரணம் சொல்வதில்லை, எதையும் கேட்பதில்லை, எந்த நியதியையும் துணைக்கு அழைப்பதில்லை. கோரிக்கை இல்லாதவனிடம் எப்படிப் பேரம் பேசுவது? முதலாளி கடைசியில் அலுவலகத்தையே மாற்றிக்கொண்டு போகிறார்.

பார்ட்டில்பி கற்பனை. அவனைப் போல் வாய் திறக்காமல் மறுத்தவர்கள் வரலாற்றில் நிறைய இருந்திருக்க வேண்டும், ஆனால் அவர்கள் அவையில் நின்று பேசாததால் காப்பியத்தில் இடம் பெறவில்லை. அமெரிக்க அறிஞர் ஜேம்ஸ் ஸ்காட் 1970-களின் கடைசியில் மலேசியாவின் கெடா மாநிலத்தில் ஒரு நெல் விளையும் கிராமத்தில் தங்கிப் பார்த்தது இப்படிப்பட்டவர்களை. அறுவடை இயந்திரம் வந்து கூலி வேலை போனபோது ஊர்வலமோ கோஷமோ இல்லை. இயந்திரங்களின் பேட்டரி வாய்க்காலில் கிடந்தது. எரிபொருள் தொட்டியில் மணல் இருந்தது. வேலையை இழுத்தடிப்பது, தெரியாததுபோல் நடிப்பது, மூட்டையில் கொஞ்சம் குறைவது என்று மீதி எல்லாம் நடந்தன. 1985-ல் வந்த அவர் நூலைப் படித்த சிலர், இது பிழைப்புத் தந்திரம், இதற்குப் போய் எதிர்ப்பு என்று பெயரா என்று கேட்டார்கள். அந்தச் சந்தேகத்தில் நியாயம் இருக்கிறது.

ஆனால் ஸ்காட் கேட்டுப் பதிந்த புறம்பேச்சைப் படித்தால் நிலைமை அவ்வளவு தெளிவாக இல்லை. ஏழைகள் அங்கே பணக்காரர்களைத் திட்டியது நிலம் வைத்திருப்பதற்காக அல்ல. தானம் கொடுப்பதை நிறுத்திவிட்டார்கள், விருந்துக்குக் கூப்பிடுவதில்லை, வேலை கொடுப்பது தங்கள் கடமை என்பதை மறந்துவிட்டார்கள் என்றுதான் பெரும்பாலும் திட்டினார்கள். அந்தக் கடமைகளைப் பற்றிப் பெருமையாகப் பேசிவந்தவர்கள் முந்தைய தலைமுறைப் பணக்காரர்களேதான்.